கூப்பிட்டும் வராதவர்கள்

என் தாத்தாவின் தகரப் பெட்டி ஒன்று வெகுகாலமாக எங்கள் வீட்டுப் பரணில் கிடந்தது. அப்பா காலமான பிறகு ஒருநாள் அதைக் கீழே இறக்கித் திறந்து பார்த்தேன். கிஸ்தி ரசீதுகள், பாகப்பிரிவினைப் பத்திரத்தின் நகல், பூச்சி அரித்த பஞ்சாங்கம் ஒன்று. இவற்றுக்கெல்லாம் அடியில் சிவப்பு நாடாவால் கட்டிய ஒரு கோர்ட்டுக் கட்டு. எண்பது பக்கங்களுக்குக் குறையாது. கடைசிக் காகிதத்தில் மட்டும் இரண்டே வரிகள் இருந்தன. அப்பீல்தாரர் கூப்பிடப்பட்டார், ஆஜரில்லை. ஆஜராகாத காரணத்தால் அப்பீல் தள்ளுபடி செய்யப்படுகிறது. தேதி 1964-ம் வருஷத்தைச் சேர்ந்தது.

வியாஜ்யம் ஒரு வாய்க்காலைப் பற்றியது. பங்காளி வயலின் ஓரமாக வந்து எங்கள் வயலுக்குப் பாயும் சிறு வாய்க்கால். அதில் எங்களுக்குப் பாத்தியதை உண்டா இல்லையா என்பதுதான் கேள்வி. முன்சீப் கோர்ட்டில் தாத்தா தோற்றார். சப் கோர்ட்டில் அப்பீல் போட்டார். அந்த அப்பீலின் கதிதான் மேலே சொன்ன இரண்டு வரி.

இதில் வேடிக்கை என்னவென்றால், தாத்தா அன்று கோர்ட்டுக்குப் போயிருந்தார். காலை முதல் பஸ்ஸில் போய், கோர்ட்டு வாசலில் உள்ள புளியமரத்தடியில் உட்கார்ந்திருந்தார். வக்கீல் வந்து அழைத்துப் போவார் என்று காத்திருந்தார். வக்கீலோ அந்த நேரத்தில் வேறொரு கோர்ட்டில் வேறொரு வழக்கை நடத்திக் கொண்டிருந்தார். டவாலி போட்ட சேவகன் வராந்தாவில் நின்று மூன்று முறை பெயர் சொல்லிக் கூப்பிட்டான். தாத்தாவுக்குக் காது கொஞ்சம் மந்தம். மாலையில் குமாஸ்தா வந்து சொன்ன பிறகுதான் அவருக்கு விஷயமே தெரிந்தது.

அன்று இரவு வீட்டில் நடந்த பேச்சை அப்பாயி எனக்குப் பல தடவை சொல்லியிருக்கிறாள்.

"தண்ணி நமக்கு இல்லேன்னு ஜட்ஜ் சொல்லிட்டாரா?" என்று அப்பாயி கேட்டாளாம்.

"அப்படி ஒண்ணும் சொல்லலை."

"பின்னே என்னதான் சொன்னார்?"

"நாம வரலைன்னு தள்ளிட்டாராம்."

"நீங்கதான் போயிருந்தீங்களே!"

இதற்குத் தாத்தா பதில் சொல்லவில்லையாம். அந்தப் பதிலைத் தேடித்தான் நான் சில மாத காலம் சட்டப் புத்தகங்களைப் புரட்டினேன். நான் வக்கீல் அல்ல. காலேஜில் இரண்டு வருஷம் படித்ததோடு சரி. ஆனாலும் கதை எழுதுகிறவனுக்குப் பழைய சட்டங்களைப் போலச் சுவையான வாசிப்பு வேறு கிடையாது. ஒவ்வொரு விதிக்குப் பின்னாலும் எவனோ ஒருவன் செய்த தப்பு ஒளிந்து கொண்டிருக்கிறது.

'வராதவன் தோற்றான்' என்ற விதி மிகப் பழையது. கிறிஸ்து பிறப்பதற்குச் சுமார் 450 வருஷங்களுக்கு முன் ரோமாபுரியில் பன்னிரண்டு பலகைகளில் சட்டம் எழுதி வைத்தார்கள். இரு கட்சிக்காரர்களும் முற்பகலில் வந்து தங்கள் வழக்கைச் சொல்ல வேண்டும். உச்சிப்பொழுது தாண்டியும் ஒருவன் வரவில்லையானால், வந்திருப்பவன் பக்கம் தீர்ப்புச் சொல்லிவிடலாம். சூரியன் அஸ்தமித்தால் கோர்ட்டு முடிந்தது. கண்டிப்பான சட்டம்தான். ஆனால் அதே பலகைகளில் இன்னொன்றும் இருக்கிறது. கூப்பிடப்பட்டவன் நோயாளியாகவோ கிழவனாகவோ இருந்தால், கூப்பிட்டவனே அவனுக்கு வாகனம் கொடுத்து அழைத்து வர வேண்டும். கடுமையான நோய் கண்டால் நாளையே தள்ளி வைக்க வேண்டும். வராதவனைத் தண்டிக்கும் முன் அவன் ஏன் வரவில்லை என்று கேட்கும் வழக்கம் சட்டத்தோடு கூடவே பிறந்தது போலும்.

நம் நாட்டிலும் அப்படித்தான். நாரத ஸ்மிருதி, வழக்கில் தாழ்ந்து போகிறவர்களை ஐந்து வகையாகச் சொல்கிறது. முன்னுக்குப் பின் முரணாகப் பேசுகிறவன், சாட்சியத்தைக் கண்டு வெறுக்கிறவன், சபைக்கு வராதவன், பதிலே சொல்லாதவன், கூப்பிட்டதும் ஓடிப் போகிறவன் ஆகிய ஐவர். வராதவன் ஓடிப்போகிறவனுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறான், பாருங்கள். ஆனால் அதே நூல், பயிர்க்காலத்தில் உழவனையும், மாடு மேய்க்கும் பருவத்தில் இடையனையும், வேலையில் இருக்கும் கைத்தொழிலாளியையும், போரில் இருக்கும் வீரனையும் வழக்குக்காக மறித்து நிறுத்தக் கூடாது என்றும் விலக்குக் கொடுக்கிறது. இதைப் படித்தபோது எனக்கு ஒரு நிமிஷம் தாத்தாவின் நினைவு வந்தது. அவருடைய வாய்தாக்கள் நடவுக்கும் அறுப்புக்கும் விலகி நின்றதாக அப்பாயி ஒரு நாளும் சொன்னதில்லை.

இவையெல்லாம் முதல் வழக்கைப் பற்றியவை. அப்பீல் என்பது வேறு விஷயம். அங்கே வழக்கை நகர்த்துகிறவன் தோற்றவன். அவன் வராவிட்டால் வண்டியை இழுக்கும் மாடே இல்லை என்றாகிவிடும். அப்படி மாடில்லாமல் நின்றுபோன வண்டிகள் ஒரு காலத்தில் லண்டனில் வரிசையாக நின்றன. நமது அப்பீல் சரித்திரத்தில் என்னை மிகவும் கவர்ந்த பகுதி இதுதான்.

கிழக்கிந்தியக் கும்பெனியார் கல்கத்தாவிலும் சென்னையிலும் பம்பாயிலும் சதர் அதாலத்து என்ற பெரிய கோர்ட்டுகளை வைத்திருந்தார்கள். சென்னையில் அது 1802-ம் வருஷத்துச் சட்டங்களால் ஏற்பட்டது. ஜில்லாக் கோர்ட்டுகளில் தோற்றவன் கடைசியில் அங்கே வந்து நிற்பான். அங்கும் தோற்றால், வழக்கு பெரிய தொகையாக இருக்கும் பட்சத்தில், சீமையில் இருக்கும் ராஜாவின் ஆலோசனைச் சபைக்கு அப்பீல் செய்யலாம். பிரிவி கவுன்சில் என்று நம் ஜமீன்தார்கள் பயபக்தியோடு சொன்ன சபை அது.

அப்பீல் ஏற்கப்பட்டதும் கும்பெனியார் வழக்குக் கட்டை நகல் எடுத்து, முத்திரை வைத்துக் கப்பலில் ஏற்றுவார்கள். சூயஸ் கால்வாய் திறந்தது 1869-ல் அல்லவா? அதற்கு முன் கட்டு ஆப்பிரிக்காவைச் சுற்றிக் கொண்டு மாதக் கணக்கில் பிரயாணம் செய்து லண்டன் போய்ச் சேர வேண்டும். அங்கே போனதும் கவுன்சில் காரியாலயத்தில் ஒரு அலமாரியில் ஏறி உட்கார்ந்து கொள்ளும். அதோடு சரி. நம்மூர்க் கட்சிக்காரர்களில் பலர் அதன் பிறகு ஒன்றுமே செய்யவில்லை. லண்டனில் ஒரு ஏஜெண்டை அமர்த்த வேண்டும், வக்கீல் வைக்க வேண்டும், வழக்கை விசாரணைக்குக் கொண்டு வரும்படி கேட்க வேண்டும்; இவற்றில் எதையும் செய்யவில்லை.

அவர்களைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நம் ஜனங்களுக்கு ராஜா என்றால் மனு கொடுத்தால் தாமே படித்துப் பார்த்து நீதி சொல்லுகிறவர். ராஜாவுக்குக் காகிதம் போய்ச் சேர்ந்துவிட்டது. இனி அவர் பாடு, தர்மத்தின் பாடு. மரத்தடியில் உட்கார்ந்து வக்கீல் அழைப்பார் என்று காத்திருந்த என் தாத்தாவுக்கும் அவர்களுக்கும் அதிக வித்தியாசம் இல்லை. அவர்கள் காத்திருந்த மரம் கொஞ்சம் தூரத்தில் இருந்தது, அவ்வளவுதான்.

இந்த நிலையில் 1833-ம் வருஷம் பிரிட்டிஷ் பார்லிமெண்டு ஒரு சட்டம் செய்தது. பிரிவி கவுன்சிலின் ஜுடீஷியல் கமிட்டி என்பதை ஏற்படுத்திய சட்டம் அதுவே. அதில் இருபத்திரண்டாவது பிரிவு முழுக்க முழுக்க நம்மைப் பற்றியது. கல்கத்தா, சென்னை, பம்பாய் சதர் கோர்ட்டுகளிலிருந்து அப்பீல்கள் வந்து சேர்ந்திருக்கின்றன. ஆனால் கட்சிக்காரர்கள் அவற்றை விசாரணைக்குக் கொண்டு வர வேண்டிய நடவடிக்கை எடுக்கவில்லை என்று அந்தப் பிரிவே ஒப்புக் கொள்கிறது. அதற்குப் பரிகாரம் என்ன சொல்லியிருக்கும் என்று வாசகர்கள் நினைக்கிறீர்கள்? தள்ளுபடி என்றுதானே?

இல்லை. அந்த அப்பீல்களை விசாரணைக்குக் கொண்டு வரும்படி ராஜா கும்பெனியாருக்கு உத்தரவிடலாம். வராத கட்சிக்காரர்களுக்கு, இரு தரப்புக்குமே, ஏஜெண்டும் வக்கீலும் நியமிக்க ஏற்பாடு செய்யலாம். அப்படி நடந்து வரும் தீர்ப்பு, கட்சிக்காரர்களே வந்து நடத்தினால் எப்படிச் செல்லுமோ அப்படியே செல்லும். இதுதான் சட்டம். அப்பீல் ஏற்கப்பட்டு இரண்டு வருஷ காலம் சீமையில் இரு தரப்பும் ஒன்றுமே செய்யாமல் விட்ட வழக்குகளுக்கு மட்டும் இந்த ஏற்பாடு. கட்சிக்காரர் நடுவில் இறந்து போயிருந்தாலும் உத்தரவு செல்லும். ஆனால் அவர்களுக்குள் ஏற்கெனவே சமரசமாகப் போயிருந்தால் செல்லாது என்று அடுத்த பிரிவு சொல்கிறது. லண்டனில் தீர்ப்புச் சொல்லும் சமயத்தில், இங்கே கட்சிக்காரன் செத்தானா, சண்டையை விட்டானா என்றே தெரியாத காலம் அது.

அன்னிய ஆட்சியின் கருணையைப் புகழ்வதற்காக நான் இதைச் சொல்லவில்லை. செலவுக்கு ஜாமீன் வாங்கவும் அந்தச் சட்டத்திலேயே வழி உண்டு. அலமாரியில் தேங்கிய கட்டுகள் அவர்களுக்கே தலைவலியாக இருந்திருக்கும். ஆயினும், கூப்பிட்டும் வராதவனுக்கு வக்கீல் வைத்துக் கொடுத்து வழக்கைத் தீர்க்கலாம் என்று ஒரு சட்டம் ஒரு காலத்தில் நினைத்தது என்பதை மறக்க முடியவில்லை.

அப்பீல் செய்தவர்கள் எவ்வளவு காலம் காத்திருக்க வேண்டியிருந்தது என்பதற்குச் சிவகங்கை வழக்கு ஒன்றே போதும். ஜமீன்தார் கௌரி வல்லபத் தேவர் 1829-ல் காலமானார். வாரிசு யார் என்ற சண்டை பிரிவி கவுன்சிலில் தீர்ந்தது 1863-ல். முப்பத்து நான்கு வருஷம். வழக்காடிய விதவை அங்கமுத்து நாச்சியார் முடிவைக் காணாமலே போய்ச் சேர்ந்தார். வென்றது ஜமீன்தாரின் மகள் காத்தம நாச்சியார். அந்தக் குடும்பத்துக்கு வக்கீல் வைக்கவும் காத்திருக்கவும் வசதி இருந்தது. வாய்க்காலுக்காக வழக்காடுகிறவன் அப்படிக் காத்திருக்க முடியுமா?

1859-ம் வருஷம் சிவில் வழக்குகளுக்கு முதல் முதலாக ஒரு நடைமுறைச் சட்டம் வந்தது. 1877-லும் 1882-லும் அதைத் திருத்தி எழுதினார்கள். 1882-ம் வருஷத்துச் சட்டத்தின்படி, குறித்த நாளில் அப்பீல்தாரர் வராவிட்டால் அப்பீல் தள்ளப்பட வேண்டும். நீதிபதிக்கு வேறு வழியில்லை. எதிர்த் தரப்பு வராவிட்டாலோ, வந்தவரை மட்டும் வைத்து விசாரித்து முடிக்கலாம்.

பிறகு 1908-ல் இன்றைக்கும் அமலில் உள்ள நடைமுறைச் சட்டம் பிறந்தது. அதில் 41-வது கட்டளையின் 17-வது விதி நம் விஷயத்தைச் சொல்கிறது. 'தள்ளப்பட வேண்டும்' என்பது அங்கே 'தள்ளலாம்' என்று மாறியது. ஒரு சொல்தான். ஆனால் அந்த ஒரு சொல்லால் நீதிபதி ஒரு நிமிஷம் தாமதித்து, 'மறுபடியும் ஒருமுறை கூப்பிட்டுப் பார்' என்று சேவகனிடம் சொல்ல இடம் ஏற்பட்டது. வராததற்குத் தக்க காரணம் இருந்தால் அப்பீலை மீண்டும் எடுத்துக் கொள்ளும்படி கேட்க 19-வது விதி இருக்கிறது. காலவரம்பு முப்பது நாள்.

அந்த 'தள்ளலாம்' என்ற சொல் ஒரு குழப்பத்தையும் கொண்டு வந்தது. தள்ளலாம் என்றால், தள்ளாமல் கட்டைப் படித்துப் பார்த்து, நியாயம் இன்னாருக்கு என்று தீர்ப்பே சொல்லிவிடலாம் என்றும் அர்த்தமா? அப்படி நினைத்தவர்களும் உண்டு. பார்த்தால் நல்லதாகத்தான் தோன்றும். ஆனால் ஆளில்லாமலே தோற்றவன் பிறகு தக்க காரணத்தோடு வந்து நின்றால், 'உன் வழக்கைத்தான் தீர்த்தாயிற்றே' என்று கதவைச் சாத்திவிடலாம் அல்லவா? இதை உத்தேசித்து 1976-ம் வருஷத்துத் திருத்தச் சட்டம் ஒரு விளக்கத்தைச் சேர்த்தது. வராத காரணத்துக்காகத் தள்ளும்போது வழக்கின் நியாய அநியாயத்தைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல அதிகாரமில்லை. அது மட்டுமல்ல. ஆஜராகாததற்காகத் தள்ளும் உத்தரவு டிக்ரியே அல்ல என்று 1908-ம் வருஷத்துச் சட்டத்தின் இரண்டாவது பிரிவே ஆரம்பத்தில் சொல்லி வைத்திருக்கிறது.

இந்த இடத்தைப் படித்ததும் நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். 'தண்ணி நமக்கு இல்லேன்னு ஜட்ஜ் சொல்லிட்டாரா?' என்று அப்பாயி கேட்டாளே, எழுத்தறியாத அந்தக் கிழவி சட்டத்தின் உயிர்நிலையில் அல்லவா விரலை வைத்திருக்கிறாள்! சொல்லவில்லை, சொல்லவும் முடியாது. ஆனால் சொல்லாமல் விட்டாலும் முன்சீப் கோர்ட்டுத் தீர்ப்பு அப்படியே நின்றுவிட்டது. வாய்க்கால் போய்விட்டது.

முப்பது நாளைத் தாத்தா என்ன செய்தார்? 'நான் பார்த்துக்கறேன்' என்று குமாஸ்தா சொன்னாராம். தாத்தா நம்பினார். நாள் கடந்த பிறகு, தாமதத்தை மன்னிக்கும்படி ஒரு மனு, அதற்கு ஒரு பிரமாணப் பத்திரம், அதற்குப் பணம் என்று பேச்சு வந்தது. தாத்தா மனம் விட்டுப் போய்க் கட்டை நாடாவால் கட்டிப் பெட்டியில் வைத்துவிட்டார்.

அவருக்காகப் பேசிய நீதிபதிகளும் இல்லாமல் இல்லை. 1955-ல் ராஜஸ்தானத்தைச் சேர்ந்த ஒரு தேர்தல் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. விசாரணை கோட்டாவிலிருந்து உதயபுரிக்கு மாறியபோது ஒருவர் முதல் நாள் வரவில்லை. சில நாள் கழித்து அவர் வக்கீல் வந்தபோது, 'இனி நீர் கலந்துகொள்ள முடியாது' என்று டிரிபியூனல் சொல்லிவிட்டது. நீதிபதி விவியன் போஸ் அதை ஏற்கவில்லை. நடைமுறைச் சட்டம் நீதிக்கு வழி செய்வதற்காக ஏற்பட்டது, மனிதர்களை இடறி விழச் செய்வதற்கான தண்டனைச் சட்டம் அல்ல என்ற கருத்தில் அவர் எழுதிய தீர்ப்பை இன்றும் வக்கீல்கள் எடுத்துக் காட்டுகிறார்கள்.

1981-ல் வந்த மற்றொரு வழக்கு என் தாத்தாவின் கதையேதான். அலகாபாத் ஹைகோர்ட்டில் ஒரு கிராமவாசியின் அப்பீல், வக்கீல் வராததால் போய்விட்டது. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி டி. ஏ. தேசாய், பணம் கொடுத்து வக்கீல் வைத்துவிட்டு ஊரில் இருக்கும் ஏழை, வக்கீல் கோர்ட்டுக்குப் போகிறாரா என்று காவல் காத்துக் கொண்டிருக்க முடியாது என்றார். வக்கீல் செய்த தப்புக்குக் கட்சிக்காரர் ஏன் கஷ்டப்பட வேண்டும் என்று கேட்டு அப்பீலை மீட்டுக் கொடுத்தார். எதிர்த் தரப்புக்குச் சேர வேண்டிய செலவுத் தொகை இருநூறு ரூபாயை வராத வக்கீலிடமே வசூலிக்கும்படி உத்தரவு. தாத்தா இருந்திருந்தால் அந்த இருநூறு ரூபாய்ச் செய்தியைத் திரும்பத் திரும்பப் படிக்கச் சொல்லிக் கேட்டிருப்பார்.

கிரிமினல் அப்பீலில் இந்தச் சங்கடமே இல்லை. சிறைத் தண்டனை பெற்றவனுடைய வக்கீல் வரவில்லை என்பதற்காக அப்பீலைத் தள்ளிவிடக் கூடாது, கட்டைப் படித்துப் பார்த்தே தீர்க்க வேண்டும் என்று 1996-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. உடம்புக்கு ஒரு நியாயம், நிலத்துக்கு ஒரு நியாயம். தஞ்சாவூர்க் குடியானவனுக்கு இரண்டும் ஒன்றுதான் என்பதைச் சட்டம் செய்தவர்களுக்கு யாரும் எடுத்துச் சொல்லவில்லை போலிருக்கிறது.

இவ்வளவும் ஒரு பக்கம். மறு பக்கத்தையும் சொல்லாவிட்டால் நான் பங்காளிக்குத் துரோகம் செய்தவனாவேன். முன்சீப் கோர்ட்டில் ஜெயித்தவர் அவர். அப்பீல் என்று வந்ததும் அவரும் ஒவ்வொரு வாய்தாவுக்கும் வேலையை விட்டு, பஸ் ஏறி, வக்கீலுக்குக் கொடுத்து, வராந்தாவில் காத்து நின்றவர்தான். எதிராளி வராமலே போனால் அவர் எத்தனை வருஷம் நிற்பது? வழக்குக்கு ஒரு முடிவு வேண்டாமா? வராதவனைத் தள்ளும் விதி வந்தவனுக்காகவே ஏற்பட்டது. இதை ஒப்புக் கொள்ளத்தான் வேண்டும்.

அந்தப் பங்காளித் தாத்தாவை நான் நன்றாக அறிவேன். வழக்கால் இரு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை நின்றிருந்தது. என் இருபதாவது வயதில், ஒரு துக்க வீட்டுத் திண்ணையில், அவர் தாமாகவே என்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்கார வைத்துக் கொண்டார். எண்பதை நெருங்கிய வயது.

"தம்பி, அன்னிக்குச் சேவகன் கூப்பிட்டது எனக்கு நல்லாக் கேட்டுச்சு" என்றார்.

எதைச் சொல்கிறார் என்று எனக்கு உடனே விளங்கவில்லை.

"மூணு தடவை கூப்பிட்டான். நான் உள்ளே நின்னுக்கிட்டிருந்தேன். ஜன்னல் வழியாப் பார்த்தா, மரத்தடியிலே உங்க தாத்தா உக்காந்திருக்காரு. மடியிலே வெத்தலைப் பொட்டலம். 'ஐயா, அதோ இருக்காரு'ன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். வாய் வரைக்கும் வந்துச்சு."

"ஏன் சொல்லலை, தாத்தா?"

"எதிராளியைக் கூப்பிட்டு விடுறது என் வேலையா? சட்டத்திலே அப்படி இருக்கா?" என்றார். சற்றுப் பொறுத்து, "இருக்கா தம்பி? நீ படிச்சவனாச்சே" என்று கேட்டார்.

அன்று எனக்குத் தெரியவில்லை. நான் பேசாமல் இருந்தேன். இன்று தெரியும். ரோமாபுரிச் சட்டம் கிழவனை வாகனம் கொடுத்து அழைத்து வரச் சொன்னது. 1833-ம் வருஷத்துச் சட்டம் வராதவனுக்கு வக்கீல் வைக்க வழி சொன்னது. எங்கள் ஊர்க் கோர்ட்டில் 1964-ல் அமலில் இருந்த சட்டத்தில் அப்படி ஒன்றும் இல்லை. அவர் எந்த விதியையும் மீறவில்லை.

இதைப் போய்ச் சொல்ல அவர் இல்லை. போன பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தபோது அவருடைய பேரனிடம் அந்த இரண்டு வரிக் காகிதத்தைக் காட்டினேன். அவன் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"இவ்வளவுதானா அண்ணே?" என்று கேட்டான்.